கொற்றியின் ஏடு

உலகத்தைப் படைத்தது யார் என்று ஓதத்துறையில் கேட்டால், "படைக்கவெல்லாம் இல்லை, சொன்னதுதான்" என்பார்கள். சொல்லி என்று ஒருத்தி இருந்தாள். ஆறு என்றாள், ஆறு வந்தது. மரம் என்றாள், மரம் வந்தது. மரத்தடியில் ஒருவன் உட்கார்ந்து யோசிக்கிறான் என்றாள், உட்கார்ந்தான். என்ன யோசிக்கிறான் என்பதை மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டாள். அந்த ஊர்க்காரர்கள் இன்றைக்கும் அதைத்தான் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

அந்தச் சொல்லியைக் கும்பிடுகிறவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொருவரையும் பூமிக்கு அனுப்பும்போது அவள் ஒரு கதையைக் கொடுத்து அனுப்புகிறாளாம். யாரிடமும் வாய்விட்டுச் சொல்லாமல் உள்ளேயே கிடக்கும் கதை. உயிர் போகிற வேளையில் அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் போக வேண்டும். அதற்காக ஏட்டுமனையிலிருந்து ஒரு கேட்பர் வருவார். வீட்டார் எல்லோரும் காது எட்டாத தூரத்துக்குப் போய்விடுவார்கள். படுத்திருப்பவர் சொல்வார், கேட்பர் ஓலையில் எழுதுவார். 'இன்னார் சொல்ல, இன்னார் எழுதியது' என்று தலையில் போட்டு, நூல் சுற்றி, மெழுகு வைத்து, ஏட்டுமனைச் சுவரில் அதற்கென்று இருக்கும் பொந்தில் செருகிவிடுவார்கள்.

பன்னிரண்டு வருஷம் கழித்து ஊர் கூடி அதைத் திறந்து வாசிக்கும். முன்பெல்லாம் இரண்டே வருஷத்தில் திறந்தார்களாம். அந்தக் காலத்தில் ஏடு திறப்பு என்றால் நாலு மண்டையாவது உடையும். பன்னிரண்டு வருஷம் ஆறப்போட்டால் எந்தக் கதையும் யாரையும் சுடாது என்று யாரோ விவரமான ஆள் பிற்பாடு மாற்றியிருக்கிறார்.

தித்தன் அந்த ஏட்டுமனையில் ஒரு கேட்பர். வயது ஐம்பத்தெட்டு. பாதி ஆயுள் படகு ஓட்டிவிட்டு அப்புறம் எழுத்தாணி பிடித்தவர். ஆனால் பிடித்த பிறகு அந்தக் கை நின்றதில்லை. ஓலையில் எழுத்துகள் முத்து முத்தாக உட்காரும். "தித்தர் கையால எழுத வெச்சுட்டுப் போகணும்" என்று காத்திருந்து கண்மூடியவர்கள் உண்டு.

அப்படிப்பட்டவர் நாலு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. வருகிற முழுநிலா அன்று கொற்றியின் ஏடு திறப்பு. எழுதியவர் தித்தன். அதில் கொற்றி சொன்னது ஒரு வார்த்தைகூட இல்லை. அது உலகத்தில் தித்தன் ஒருவருக்கு மட்டும்தான் தெரியும்.

ஐந்தாம் நாள் காலையில் அவர் வெண்ணியம்மையிடம் போனார்.

வெண்ணியம்மை ஏட்டுமனையின் தலைவி. தித்தனுக்குக் குரு. குருவுக்கு நாற்பது வயதுதான். குரு சீடரை 'அண்ணே' என்று கூப்பிடுவதும், அண்ணன் தங்கையைக் கண்டதும் எழுந்து நிற்பதும் வெளியூர்க்காரர்களுக்கு வேடிக்கையாக இருக்கும். அவள் எழுத்து கோழி கிளறியது மாதிரிதான். ஆனால் அவளிடம் பேச்சை ஆரம்பித்தவர்கள் யாரும் பாதியில் நிறுத்தியது கிடையாது.

முற்றத்தில் உட்கார்ந்து அவள் பழைய ஏடுகளுக்கு எண்ணெய் பூசிக்கொண்டிருந்தாள். எலுமிச்சம்புல் வாசனை மூக்கைத் துளைத்தது.

"அம்மா, ஒரு கேள்வி."

"உக்காருங்கண்ணே."

அவர் உட்காரவில்லை.

"ஒரு கேட்பர், சொல்லாததைச் சொன்னதா எழுதிட்டா என்ன தண்டனை?"

"எழுத்தாணியை வாங்கி ஆத்துல போடறது. அந்த ஏட்டையும் ஆத்துல விட்டுடறது. ஏன், யார் எழுதினா?"

"நான்தான்."

அவள் கையிலிருந்த ஓலையைத் திருப்பி மறுபக்கமும் எண்ணெய் தடவினாள். வெயிலில் வைத்தாள். துணியில் விரலைத் துடைத்துக்கொண்டாள்.

"இப்பவாவது உக்காருங்க."

தித்தன் உட்கார்ந்தார். உட்கார்ந்த பிறகு எல்லாம் கொட்டிவிட்டது.

கொற்றி கயிற்றுத் தெருவில் கயிறு திரித்தவள். கடைசியில் ஒரு பக்கக் கைகால் விழுந்துவிட்டது. பேச்சும் போய்விட்டது. அவள் போகிற அன்றைக்கு உச்சி வெயிலில் ஆள் வந்து கூப்பிட, தித்தன் போனார். ஒரே ஒரு மகள், மருதி. அவள் வழக்கப்படி எழுந்து ஆற்றங்கரைப் பக்கம் போய்விட்டாள். தித்தன் ஓலையை மடியில் வைத்துக்கொண்டு "சொல்லுங்கம்மா" என்றார். கொற்றி வாயைத் திறந்தாள். காற்றுதான் வந்தது. பிறகு நல்லாயிருந்த இடது கையைத் தூக்கி விரல்களால் என்னவோ செய்தாள். அவருக்கு விளங்கவில்லை. மறுபடி செய்தாள். மூன்றாவது தடவையும் செய்துவிட்டு, 'எழுதிக்கிட்டியா?' என்பது மாதிரி அவர் முகத்தைப் பார்த்தாள்.

"நீங்க என்ன பண்ணினீங்க?" என்றாள் வெண்ணியம்மை.

"தலையாட்டினேன்."

"புரியாமலா?"

"புரியலைன்னு சொல்ல மனசு வரலம்மா. அவங்க முகம் அவ்வளவு நிம்மதியா இருந்துச்சு. விளக்கு வைக்கறதுக்குள்ள போயிட்டாங்க."

"அப்புறம்?"

"வெத்து ஓலையைச் சுவர்ல வைக்க முடியுமா? இவகிட்ட ஒண்ணுமே இல்லைன்னு சொல்லிக்கே சொன்ன மாதிரி ஆகாதா? அறுபது வருஷம் வாழ்ந்தவங்களை அப்படி அனுப்ப எனக்குத் துணிச்சல் இல்ல. அந்த விரலையெல்லாம் நினைச்சுப் பார்த்து, இப்படி இருக்கலாம்னு ஒண்ணை எழுதினேன்."

"நல்லா வந்துச்சா?"

தித்தன் அந்தக் கேள்வியை எதிர்பார்க்கவில்லை.

"நான் எழுதினதுலயே அதுதான் நல்லா வந்துச்சு" என்றார். குரலில் ஒரு துளி பெருமை எட்டிப் பார்த்துவிட்டது. அதைக் கேட்டு அவருக்கே குன்றிப்போனது. உள்ளதைச் சொன்னால், திறப்பை நினைத்துப் பயந்த அதே நாலு நாளும், ஊர் கூடி அதைக் கேட்கப்போகிறதே என்று உள்ளுக்குள் ஒரு ஆசையும் இருந்தது. மனிதனை என்ன சொல்ல.

என்ன எழுதினீர்கள் என்று வெண்ணியம்மை கேட்கவில்லை.

"கையால என்ன செஞ்சாங்க? செஞ்சு காட்டுங்க."

தித்தன் இடது கையைத் தூக்கினார். பன்னிரண்டு வருஷமாக ஒரு நாள்கூட மறக்காத கை. முதலில் சுண்டுவிரல் மடங்கியது. அடுத்து மோதிரவிரல், நடுவிரல், ஆள்காட்டி விரல். கட்டைவிரல் மட்டும் நிமிர்ந்து நின்றது. அது இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகத் திரும்பிப் பார்த்தது. அவர் வாயைக் குவித்து 'ஃபூ' என்று ஊதினார். பிறகு கட்டைவிரல் மற்ற நாலு விரல்களுக்கும் உள்ளே நுழைந்துகொண்டது. மூடிய கையைக் கன்னத்துக்குக் கீழே வைத்துக்கொண்டார்.

வெண்ணியம்மை கண்கொட்டாமல் பார்த்தாள்.

"புரியுதாம்மா?"

"புரியல."

தித்தனுக்குச் சப்பென்று ஆகிவிட்டது. "உங்களுக்கே புரியலைன்னா வேற யாருக்குப் புரியும்?"

"நான் என்ன அவங்க பெத்த பிள்ளையா?"

"மருதிகிட்டயா?" தித்தன் எழுந்தே விட்டார். "அது எப்படிம்மா? திறப்புக்கு முந்தி வீட்டார்கிட்ட வாயைத் திறக்கக் கூடாதுன்னு விதி இருக்கே."

"ஏட்டுல இருக்கறதைச் சொல்லக் கூடாதுன்னுதானே விதி? இது ஏட்டுல இருக்கா?"

"இல்ல."

"பின்ன என்ன? இன்னிக்கே போங்க. சாப்பிட்டுட்டுப் போங்க."

சாப்பிட்டுவிட்டுத்தான் போனார். சோறு எந்தப் பக்கமாக இறங்கியது என்று அவருக்குத் தெரியாது.

கயிற்றுத் தெருவுக்கு அரை நாழிகை நடை. வழி முழுக்க என்ன சொல்வது எப்படிச் சொல்வது என்று அடுக்கி அடுக்கிப் பார்த்தார். தாயின் கடைசிக் கதைக்காகப் பன்னிரண்டு வருஷம் காத்திருக்கும் மகள். அவளிடம் போய், 'உன் தாய் சொன்னதை நான் தொலைத்துவிட்டேன்' என்று எந்த வாயால் சொல்வது? தெருமுனை வந்ததும் அடுக்கியதெல்லாம் சரிந்துவிட்டது.

மருதியின் வீட்டில் கயிறு திரிக்கும் ராட்டு ஓடவில்லை. அவள் ஒரு துணி மூட்டையை முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள். தித்தனைக் கண்டதும் கையும் ஓடாமல் காலும் ஓடாமல் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"கூப்பிட வந்துட்டீங்களா? நான் வர மாட்டேன்யா."

"எங்கே?"

"திறப்புக்கு. மேலூர்ப் படகு மத்தியானம் கிளம்புது. நான் போறேன். முழுநிலா கழிச்சுத்தான் வருவேன். வந்தா பார்க்கலாம்."

தித்தனுக்குத் தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை.

"அம்மா கடைசியா என்ன சொன்னாங்கன்னு கேக்க வேணாமாம்மா?"

"எனக்குத்தான் அது தெரியுமே." மருதி மூட்டையின் முடிச்சையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அம்மா எட்டு மாசம் படுத்திருந்தா. பேச வராதா, என்ன வேணும்னாலும் பித்தளை டம்ளரை எடுத்துச் சுவர்ல தட்டுவா. தண்ணிக்குத் தட்டுவா, திரும்பிப் படுக்கத் தட்டுவா, சும்மாவும் தட்டுவா. எட்டு மாசம் நான் ஒரு நாள் முழுசாத் தூங்கினதில்லய்யா. ஒரு நாள் விடியக்காலையில தட்டினா. எனக்கு என்ன வந்துச்சோ தெரியல. 'போய்ச் சேரேம்மா, நானாவது தூங்குவேன்'னு சொல்லிட்டேன்."

மருதி முடிச்சை இன்னும் இறுக்கினாள்.

"அதுக்கப்புறம் அவ டம்ளரைத் தொடவே இல்ல. நாலு நாள். அஞ்சாம் நாள் நீங்க ஓலையைத் தூக்கிட்டு வந்தீங்க. பேச வராட்டியும் உங்களுக்கு எப்படியாவது புரிய வெச்சிருப்பா. வேற என்ன சொல்லியிருப்பா? பெத்த மக என்னைச் சாகச் சொன்னான்னுதானே? எழுதி முடிச்சு வெளிய வந்தப்போ நீங்க என் மூஞ்சியைக்கூடப் பார்க்காம போனீங்க. அப்பவே எனக்குத் தெரிஞ்சுபோச்சு."

அன்றைக்கு அவர் அவள் முகத்தைப் பார்க்காமல் போனது தன் வெட்கத்தால். அது இவள் தலையில் பன்னிரண்டு வருஷமாக இப்படி உட்கார்ந்திருந்தது என்று தித்தனுக்கு இப்போதுதான் தெரிந்தது. அடுக்கி வைத்த பேச்செல்லாம் எதற்கு என்று தோன்றியது.

"அம்மா ஒண்ணும் சொல்லல" என்றார். "அவங்களால பேச முடியல. அவங்க சொன்ன மாதிரி நானா எழுதிட்டேன். ஏட்டுல இருக்கறது என் பொய். உன்னைப் பத்தி அதுல ஒரு எழுத்துகூட இல்லம்மா."

மருதி நிமிர்ந்து பார்த்தாள். முதலில் சிரிப்புதான் வந்தது அவளுக்கு. சத்தமாக, மூச்சு முட்டுகிற மாதிரி சிரித்தாள். அந்தச் சிரிப்பு முடிவதற்குள் கோபம் வந்துவிட்டது. பக்கத்தில் கிடந்த கயிற்றுச் சுருளைத் தூக்கி அவர் மேல் எறிந்தாள்.

"பன்னிரண்டு வருஷம்யா! பன்னிரண்டு வருஷமா நான் அந்தச் சுவர் பக்கமே போகாம சுத்தி நடக்கறேன்!"

சுருள் தோளில் பட்டு விழுந்தது. தித்தன் விலகவில்லை. இன்னொன்று இருந்தால் அதையும் எறியட்டும் என்று நின்றார். அவள் எறியவில்லை.

"பேச முடியலைன்னுதான் சொன்னேன்" என்றார் மெதுவாக. "சொல்லாம போகல. கையால என்னவோ காட்டினாங்க. எனக்குத்தான் விளங்கல. உனக்குக் காட்டவா?"

தித்தன் இடது கையைத் தூக்கினார். சுண்டுவிரல் மடங்கியது. மோதிரவிரல் மடங்கியது.

"இருங்க" என்றாள் மருதி. "முதல்லேருந்து பண்ணுங்க. மெதுவா."

மறுபடி சுண்டுவிரலை மடக்கினார்.

"சின்னக்குட்டி படுத்தாச்சு" என்றாள் மருதி.

மோதிரவிரல்.

"மினுக்கி படுத்தாச்சு."

நடுவிரல்.

"நெட்டையன் படுத்தாச்சு."

ஆள்காட்டி.

"கோள்சொல்லி படுத்தாச்சு." அவள் குரல் வேறு யாருடைய குரலோ மாதிரி ஆகியிருந்தது, சின்னப் பிள்ளைக் குரல். "இது நாங்க விளையாடறதுய்யா. நான் தூங்க மாட்டேன்னு அடம்பிடிப்பேன். அம்மா என் கையைப் பிடிச்சு ஒவ்வொரு விரலாப் படுக்க வைப்பா. கட்டைவிரல்தான் அம்மா. அது வீடெல்லாம் சுத்திப் பார்க்கும். கதவு சாத்தியாச்சா, கோழியை அடைச்சாச்சா, எல்லாம் பார்க்கும். அப்புறம் விளக்கை ஊதும்."

தித்தன் ஊதினார்.

"விளக்கை ஊதிட்டு அது அப்படியே நிக்கும். 'நீ படுக்கலையா'ன்னு கேப்பேன். 'நீங்க எல்லாரும் தூங்குங்க, நான் முழிச்சிருக்கேன்'னு சொல்லும். அது நிக்கறதைப் பார்த்துக்கிட்டேதான் நான் தூங்குவேன்."

தித்தனின் கட்டைவிரல் நிமிர்ந்தபடியே நின்றுவிட்டது. அடுத்ததைச் செய்ய அவருக்குக் கை வரவில்லை.

"அவ்வளவுதானே?" என்றாள் மருதி.

"இல்லம்மா. இன்னும் இருக்கு."

கட்டைவிரல் மெல்ல மடங்கி மற்ற நாலு விரல்களுக்குள்ளே போனது. மூடிய கையைக் கன்னத்துக்கு அடியில் வைத்தார்.

மருதி அருகில் வந்தாள். அந்தக் கையைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"கட்டைவிரல் உள்ள போச்சா? நல்லாப் பார்த்தீங்களா?"

"மூணு தடவை பார்த்தேம்மா. மூணு தடவையும் உள்ள போய்ப் படுத்துக்கிச்சு."

"எந்நாளும் படுத்ததில்லய்யா. எனக்குத் தெரிஞ்சு ஒரு தடவைகூட..."

தித்தனின் மூடிய கையைத் தன் இரண்டு கைக்குள்ளும் வைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதாள். தெருவில் போன இருவர் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்கள். தித்தனும் அழுதார்.

"கோவமே இல்ல அவளுக்கு" என்றாள் மருதி கடைசியில், முகத்தைத் துடைத்துக்கொண்டு. "நான் தூங்கணும்னு கேட்டேன். சரி, நானும் படுத்துக்கறேன், நீயும் தூங்குன்னு சொல்லிட்டுப் போயிருக்கா."

அழுது முடித்த கையோடு அவளுக்கு ஒரு கொட்டாவி வந்தது. நல்ல நீளக் கொட்டாவி. பாதியில் அவளே சிரித்துவிட்டாள். தித்தனுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

மூட்டையை அவிழ்த்துத் துணிகளைத் திரும்பக் கொடியில் போட்டபடி மருதி கேட்டாள். "அப்போ அந்த ஏட்டுல என்னதான் எழுதி வெச்சிருக்கீங்க?"

"ஏட்டுல இருக்கறதைத் திறப்புக்கு முந்தி சொல்லக் கூடாதும்மா. விதி."

"நல்லாருக்குய்யா! பொய்யை எழுதறப்போ இல்லாத விதி, சொல்றப்போ வந்துடுச்சா?"

"ஒரு வெள்ளம்" என்றார் தித்தன். "படகுல இடம் பத்தாம, தம்பியை ஒரு மேட்டுல நிக்க வெச்சுட்டு, திரும்பி வர்றேன்னு சொல்லிட்டுப் போற அக்கா. திரும்பி வர்றப்போ மேடே இல்ல."

"அம்மா ஒத்தைப் பொண்ணாச்சே. கூடப் பிறந்தவங்க யாரும் கிடையாது. அது யார் தம்பி?"

தித்தன் சட்டென்று எழுந்தார். "நேரமாச்சும்மா" என்றார். செருப்பைக்கூடப் போட்டுக்கொள்ளாமல் இறங்கி நடந்தார்.

அது யார் தம்பி என்று அவருக்குத் தெரியாதா என்றால், தெரியும். தெரியாத மாதிரி இருக்கப் பழகிவிட்டிருந்தார், அவ்வளவுதான். அவருக்குப் பத்தொன்பது வயதில் ஆற்றில் பெருவெள்ளம் வந்தது. படகில் அவரைத் தவிர ஏற்கனவே ஏழு பேர். எட்டாவது ஆளை ஏற்றினால் கவிழும் என்று கணக்குப் போட்டது அவர்தான். தம்பி சேந்தன் மேட்டில் நின்று, "சீக்கிரம் வாண்ணா" என்று கையாட்டினான். வீட்டில் கேட்டபோது, 'படகில் ஏறியிருந்தான், என் கைப்பிடியிலிருந்து நழுவி விழுந்துவிட்டான்' என்று சொன்னார். தாயிடம் சொன்னதையே மனைவியிடமும் ஊராரிடமும் சொன்னார். மற்ற ஏழு பேரும் அதை மறுக்கவில்லை. தம்பிக்கு இல்லாமல் போன இடத்தில் உட்கார்ந்து பிழைத்தவர்கள் அவர்கள்.

கொற்றியின் நாலு விரல் மடங்கி ஒன்று மட்டும் தனியாக நின்றதைப் பார்த்தபோது அவருக்கு வேறு எதுவும் தோன்றவில்லை. கை தானாக எழுதிக்கொண்டு போனது. தனக்குத் திறமை கூடிவிட்டது என்று அப்போது நினைத்துக்கொண்டார்.

முழுநிலா அன்று காலையிலேயே ஏட்டுமனை முற்றம் நிறைந்துவிட்டது. முன்வரிசையில் மருதி உட்கார்ந்திருந்தாள். முகம் தெளிந்திருந்தது. நாலு நாள் நன்றாகத் தூங்கிய முகம். வெண்ணியம்மை பொந்திலிருந்து ஏட்டை எடுத்து மெழுகில் நகத்தை வைத்தாள்.

தித்தன் எழுந்து நின்றார்.

"எல்லாரும் கேளுங்க. இந்த ஏட்டுல இருக்கறது கொற்றியம்மா சொன்னது இல்ல. அவங்களால பேச முடியல. புரியாம போச்சுன்னு சொல்லாம நானா எழுதிட்டேன். தப்பு என்னுது."

முற்றம் கொதித்தது. "நம்ம அப்பா ஏட்டையும் இந்தாள்தானே எழுதினான்!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். "எழுத்தாணியைப் பிடுங்கு!" என்று இன்னொன்று. "ஆத்துல விடுங்க அந்த ஏட்டை!" தித்தன் தலைகுனிந்து நின்றார். எத்தனை பேர் என்ன கேட்டாலும் இனிமேல் மறைக்க ஒன்றுமில்லை என்பதே அவருக்கு ஒரு தெம்பாக இருந்தது.

"கொற்றி சொன்னதைக் கேக்கத்தானே வந்தீங்க?" என்றாள் வெண்ணியம்மை. "கேட்டுட்டுச் சண்டை போடலாம். மருதி, வா."

மருதி எழுந்து முன்னால் வந்தாள். தன் இடது கையைத் தூக்கினாள். டம்ளரையும் சொன்னாள், தான் சொன்ன வார்த்தையையும் ஒளிக்காமல் சொன்னாள். பிறகு சின்னக்குட்டியைப் படுக்க வைத்தாள். மினுக்கி, நெட்டையன், கோள்சொல்லி. மடியில் இருந்த பிள்ளைகள் எல்லாம் தங்கள் விரலை மடக்க ஆரம்பித்தன. விளக்கை ஊதும்போது முற்றமே சேர்ந்து ஊதியது. கடைசியில் கட்டைவிரல் உள்ளே போனது. மண்டை உடைக்க வந்தவர்கள்கூடத் தங்கள் கையையே பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

சொல்லி கேட்டிருப்பாள் என்று ஊர் முடிவு கட்டியது. சண்டை போட யாருக்கும் மனம் வரவில்லை. தித்தனை முறைத்தவர்கள் முறைத்தார்கள், தோளைத் தட்டியவர்கள் தட்டினார்கள், வெயில் ஏறுவதற்குள் எல்லோரும் வீடு போய்ச் சேர்ந்தார்கள்.

வெண்ணியம்மை மட்டும் படியில் உட்கார்ந்து மெழுகை உடைத்து அந்த ஏட்டை வாசித்துக்கொண்டிருந்தாள். முதல் ஓலையிலிருந்து கடைசி ஓலை வரை, அவசரப்படாமல். தித்தன் எதிரில் நின்று காத்திருந்தார். அவள் வாசித்து முடித்ததும் இடுப்பிலிருந்து எழுத்தாணியை உருவி இரண்டு கையாலும் நீட்டினார்.

"இதையும் அதையும் சேர்த்து ஆத்துல விட்டுடலாம்மா. நானே கொண்டு போறேன்."

"நல்லா எழுதியிருக்கீங்கண்ணே."

"பொய்தானேம்மா."

"எது பொய்? வெள்ளம் வரலையா?"

தித்தன் அவளைப் பார்த்தார்.

"வந்துச்சு."

"மேடு இல்லையா?"

"இருந்துச்சும்மா."

"மேட்டு மேல?"

தித்தன் வாயைத் திறந்தார். முப்பத்தொன்பது வருஷம் யாரிடமும் அந்த இடத்தில் வைத்துச் சொல்லாத பெயர்.

"சேந்தன்" என்றார். "என் தம்பி. நான்தான் விட்டுட்டு வந்தேன்."

படியிலேயே உட்கார்ந்தார். மூச்சு அடிவயிறு வரை போய்வந்தது. அப்படி மூச்சுவிட்டு எவ்வளவு நாளாயிற்று என்று நினைத்துக்கொண்டார்.

வெண்ணியம்மை எழுத்தாணியை வாங்கினாள். ஆற்றுப் பக்கம் திரும்பவில்லை. 'கொற்றி சொல்ல, தித்தன் எழுதியது' என்று தலையில் போட்டிருந்த முதல் ஓலையைப் பிரித்து அவர் மடியில் வைத்தாள். அதன் மேல் எழுத்தாணியையும் வைத்தாள்.

"கதையில கை வைக்காதீங்க. சொன்னவங்க பேரை மட்டும் தப்பா எழுதியிருக்கீங்க, அதைத் திருத்துங்க."